தவளேசுவரத்து நீர்வழிக் காட்சிச்சாலை

கல்வராயன் மலைமேலுள்ள கரியாலூரில், வெளியூரினின்றும் வருவோர் படகேறி மகிழ்தற்பொருட்டுச் சிறு நீர்நிலையொன்று அமைக்கப்பட்டுள்ளது. அம்மலைச் சிறுவர் பலர் முதன்முதற் காணும் படகு அங்குள்ளதே. அப்படகு ஒரு கரையினின்று புறப்படும்; நீரை ஒருமுறை வலம் வரும்; பின்னர்ப் புறப்பட்ட கரைக்கே திரும்பிவிடும். ஒருவரையும் ஓரூர்க்கும் கொண்டு சேர்ப்பதில்லை. ஒரு மூட்டையையும் சுமப்பதில்லை. படகென்பது விளையாட்டுப் பொருள் என்று மலையிற் பிறந்தவன் எண்ணினால் அவனைக் குறை கூறல் ஆகாது. யாமும் நெடுங்காலம் அவ்வாறே எண்ணியிருந்தோம்.

மலைவாழ்நர்க்குச் சுமையாவது தலைச்சுமையே. சாலை ஏற்பட்டு, கச்சிராயபாளையத்தினின்று வெள்ளிமலைக்குப் பேருந்து ஓடத் தொடங்குமுன், கடுக்காயும் புளியும் தேனும் சாமையும் தலைமேலிருந்தே கீழிறங்கின. உப்பும் துணியும் தலைமேலிருந்தே மேலேறின. விளைவித்தற்குப் பட்ட பாட்டினும் கொண்டு சேர்த்தற்குப் பட்ட பாடு பெரிது என்று முதியோர் சொல்லக் கேட்டிருக்கின்றோம். அவர்கள் கண்ணெதிரே நீர் மட்டும் கூலியின்றி இறங்கிப் போய்க்கொண்டிருந்தது. மலையிற் பெய்த மழை கோமுகியாய் இறங்கி, அணையில் தங்கி, கள்ளக்குறிச்சிப் புறத்து வயல்களை நனைத்து, மணிமுத்தாற்றோடு கூடி, வெள்ளாற்றிற் கலந்து, பரங்கிப்பேட்டையருகே கடல் புகுகின்றது. நீர் வயலுக்காகும், குடித்தற்காகும் என்பது யாவரும் அறிந்தது. நீர் பாரமும் சுமக்கும், ஒரு நாட்டின் பசியைத் தீர்க்கும் அளவுக்குச் சுமக்கும் என்று ஒருவர் வாழ்நாளெல்லாம் வாதாடினார் என்பதை யாம் அறிந்தது, கோதாவரிக் கரையில் தவளேசுவரம் என்னும் ஊரிலுள்ள சிறு பொருட்காட்சிச்சாலை ஒன்றினால்.

கரியாலூருக்கும் தவளேசுவரத்துக்கும் என்ன தொடர்பு என்று வாசகர் வினவலாம். 2019-ஆம் ஆண்டு கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாகும்வரை, கரியாலூர் விழுப்புரம் மாவட்டத்தின் மேற்குக் கோடியிலிருந்தது. அம்மாவட்டத்தின் கிழக்குக் கோடியிலுள்ளது மரக்காணம். மரக்காணத்தில் வந்து முடிகின்ற நீர்வழியே பக்கிங்ஹாம் கால்வாய். அங்கே ஓடத்திலேறி வடக்கு நோக்கிப் புறப்பட்ட ஒருவன், சென்னையைக் கடந்து பெத்தகஞ்சாம் சேர்ந்து, அங்கிருந்து கொம்மமூர்க் கால்வாய் வழியாகக் கிருஷ்ணையையும், ஏலூர்க் கால்வாய் வழியாகக் கோதாவரியையும் அடைந்து, காக்கினாடாத் துறைவரையிலும் கடலில் இறங்காமலே செல்லக்கூடிய காலம் ஒன்றிருந்தது. அந்நீர்வழிக்கு உயிர்நிலையாய் நின்றது தவளேசுவரத்து அணை. எம் மாவட்டத்தில் வாலைக் கண்டவர், தலையைத் தேடிச் சென்றோம் எனக் கொள்க.

இராஜமகேந்திரவரத்துக்குத் தெற்கே சில கல் தொலைவில், அணையின் அருகே உள்ளது சர் ஆர்தர் காட்டன் பொருட்காட்சிச்சாலை. எழும்பூர்க் காட்சிச்சாலையைக் கண்டு பழகிய கண்ணுக்கு அது மிகச் சிறிது. ஏறக்குறைய நூறு படங்களும், பதினைந்து மாதிரி உருக்களும், அணை கட்டிய காலத்துக் கருவிகளும் பொறிகளுமே அதன் செல்வம். பொன்னில்லை, மணியில்லை, செப்புத் திருமேனியில்லை. விரைந்து நடப்பவர் அரைமணி நேரத்திற் சுற்றிவிடலாம். ஆயினும் பெரிய காட்சிச்சாலைகட்கு வாய்க்காத சிறப்பொன்று இதற்குண்டு. எழும்பூரிற் பழம்படைக்கலத்தைக் கண்டு வெளிவந்தால், அதை ஏந்திய வீரனைக் காணவியலாது. இங்கோ, உள்ளே மேசைமீது முழ அளவிற் கண்ட அணையும் கால்வாயும் வெளியே வந்தவுடன் கண்ணுக்கெட்டிய தூரம் விரிந்து, நீரோடு நிற்கின்றன. பழைய அணைக்கு மாற்றாக இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுந்த புதிய அணையும் காட்டன் பெயரையே தாங்கியுள்ளது.

ஆர்தர் காட்டன் 1803-இல் இங்கிலாந்திற் பிறந்தவர்; 1821-இல் சென்னை இராணுவ எஞ்சினீயர் படையின் இளம் அலுவலராய் இந்நாடு வந்தவர். அவர் பெயர் ஆந்திர நாட்டில் விளங்கினும், அவர் பாடம் கற்ற பள்ளிக்கூடம் எது என்று வினவினால், அது நம் காவிரி. இதனைத் தமிழ் மாணாக்கர் பலரும் அறியார். ஆதலின் இங்குச் சற்று நின்று கூறுவோம்.

திருச்சிராப்பள்ளிக்கு மேற்கே முக்கொம்பில் காவிரியினின்றும் கொள்ளிடம் பிரிகின்றது. கொள்ளிடத்தின் படுகை தாழ்ந்தது; ஆதலின் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆற்றுநீர் ஆண்டுக்காண்டு மிகுதியாகக் கொள்ளிடத்தில் இறங்கி வீணே கடல் சேர, தஞ்சை வயல்கள் வாடலாயின. கொள்ளிடத்தின் குறுக்கே அணை எழுப்பினாலன்றித் தஞ்சைக்கு உய்தியில்லை. ஆனால் ஆற்றின் அடியில் பாறையில்லை. தோண்டத் தோண்ட மணல். பாறையைக் காணுமளவும் தோண்டி அதன்மேற் சுவரெழுப்புவதே மேலைநாட்டார் அறிந்த முறை. பாறையே இல்லாவிடத்து என் செய்வது?

அதற்கு விடை சில கல் கிழக்கே ஆற்றிற் கிடந்தது. கரிகாலன் கட்டியதாக நாம் போற்றும் கல்லணையே அவ்விடை. ஏறக்குறைய 1,080 அடி நீளமுள்ள அவ்வணைக்கும் அடியில் மணல்தான். அதனைக் கட்டியோர் பாறையைத் தேடவில்லை. பெருங்கற்களை மணலிலேயே இட்டனர். வெள்ளம் வந்து கல்லின் அடிமணலை அரிக்கும், கல் சிறிது கீழிறங்கும், அதன்மேல் மீண்டும் கல்லிடுவர், மீண்டும் அரிக்கும், மீண்டும் இறங்கும். இவ்வாறு இறங்கி இறங்கி, இனி அரிப்பு எட்டாது என்னும் ஆழத்தில் கல் நிலைகொள்ளும். ஆற்றின் பகைமையையே ஆளாக அமர்த்திக்கொண்டு அடிப்படை இட்ட முறை இது. கல்லணையைக் கூர்ந்து ஆராய்ந்த காட்டன் இதனை உணர்ந்தார். அளவறியப்படாத மணலில் அடிப்படை இடுவதை இந்நாட்டு முன்னோரிடமிருந்தே தாங்கள் கற்றுக்கொண்டதாகப் பிற்காலத்தில் ஒளிக்காமல் எழுதியும் வைத்தார்.

1836-இல் முக்கொம்பில் மேலணையும், அணைக்கரையிற் கீழணையும் எழுந்தன. மேலணையின் மதகுகளில் ஒன்பது 2018-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 22-ஆம் நாள் வெள்ளத்தில் இடிந்து வீழ்ந்த செய்தி பலர்க்கும் நினைவிருக்கும். 182 ஆண்டு நின்றது வீழ்ந்ததே என்று வருந்தினோர் உளர். மணல்மேல் அத்தனை ஆண்டு நின்றதே என்று வியந்தோரும் உளர். யாம் இரண்டாம் வகையினர்.

காவிரியிற் கற்ற பாடத்தைக் கோதாவரியில் எழுதிப் பார்க்கும் காலம் விரைவில் வந்தது. 1833-ஆம் ஆண்டுப் பஞ்சத்தில் குண்டூர்ப் பகுதியில் மட்டும் ஐந்து இலட்சம் மக்களில் இரண்டு இலட்சவர் மாண்டனர் என்பர். 1839-இல் பெரும்புயலெழுந்து கோரங்கித் துறைமுகத்தை அழித்தது. பெருநதி ஒன்று பக்கத்திலே ஓட, அதன் கரையிலுள்ளோர் நீரின்றி மடிந்தனர். காட்டன் 1844-இல் அணை வேண்டுமென்று எழுதினார், 1847-இல் வேலை தொடங்கிற்று, 1852-இல் முடிந்தது. தவளேசுவரத்தில் கோதாவரியின் அகலம் ஏறத்தாழ நான்கு கல். நடுவே தீவுகள் உள்ளமையால் ஆறு நான்கு கிளையாய்ப் பிரிகின்றது. அணையும் தவளேசுவரம், ராலி, மத்தூர், விஜ்ஜேசுவரம் என நான்கு துண்டாகவே கட்டப்பட்டது.

அதன் அடிப்படை எத்தகையது என்பதைக் கேட்டபோது யாம் பெரிதும் மகிழ்ந்தோம். மணலில் வரிசையாகக் கிணறுகளை இறக்கி, அவற்றை நிரப்பி, அவற்றின்மேற் சுவரெழுப்பினர். கிணறிறக்குதல் என்பது யாது? நம் ஊர்களில் உறைகிணறு தோண்டுவோர் செய்வதே. வட்டமாகச் சுவர் கட்டி, அதன் உட்புறத்து மணலை அள்ள அள்ள, சுவர் தன் பாரத்தாலேயே இறங்கும். அரிக்கமேட்டிலும் காவிரிப்பூம்பட்டினத்திலும் அகழ்ந்தெடுத்த உறைகிணறுகளைப் பற்றிப் படித்திருக்கின்றோம். அதே அறிவு நான்கு கல் அகலமுள்ள ஆற்றைத் தாங்கிற்று என்பது பாடப்புத்தகத்தில் இல்லாத செய்தி.

இனி, எம் பொருளாகிய நீர்வழிக்கு வருவோம். கோதாவரிக் கால்வாய்கள் பாசனத்துக்காக மட்டும் வெட்டப்பட்டவையல்ல; தொடக்கத்திலேயே படகு செல்லும் வண்ணம் வகுக்கப்பட்டவை. ஒரே நீர் வழியிற் பாரத்தையும் சுமந்து, வழிமுடிவில் வயலையும் நனைக்க வேண்டும். சொல்லுதற்கு எளிது, ஆனால் இவ்விரண்டும் ஒன்றோடொன்று முரண்படுவன. வயலுக்குப் போகும் நீர் சரிந்தோட வேண்டும்; படகு ஊரும் நீரோ அசையாது நிற்றல் நன்று. சரிவு மிகின் படகு எதிரேற மாட்டாது. ஆகவே கால்வாயைப் படிக்கட்டுப்போல் அமைத்து, ஒவ்வொரு படியையும் ஏறத்தாழச் சமமாக விட்டு, படிக்கும் படிக்கும் இடையே ஓர் உபாயம் வைத்தனர். அதனை ஆந்திரர் 'லாக்கு' என்பர். சென்னையிலும் லாக் என்பதே வழக்கு.

அது செயற்படும் வகையைச் சிறிது விளக்குவோம். கால்வாயின் குறுக்கே ஒரு படகோ சிலவோ நிற்கத்தக்க கல்லறை ஒன்று கட்டி, அதற்கு மேற்புறம் ஒரு கதவும் கீழ்ப்புறம் ஒரு கதவும் இடுவர். கீழிருந்து மேலே செல்லவேண்டிய படகு அறைக்குள் நுழைந்ததும் கீழ்க்கதவை மூடிவிடுவர். பின்னர் மேற்புறத்துச் சிறு திறப்பு வழியாக நீரை அறைக்குள் விடுவர். நீர் உயர, படகும் அதனோடு உயரும். அறையின் நீரும் மேற்கால்வாயின் நீரும் ஒரே மட்டமானவுடன் மேற்கதவு எளிதில் திறக்கும். படகு தன் வழியே செல்லும். இறங்கும் படகுக்கு இதனையே தலைமாற்றிச் செய்வர். கதவிரண்டும் நேர்கோடாக மூடா. நீரின் பாரம் வருந்திசையை நோக்கிக் கூப்பிய கைபோற் கூர்த்து மூடும். ஆதலின் நீர் எவ்வளவு அழுத்துமோ அவ்வளவு இறுகும். ஓராள் பலமே நூறு மூட்டை ஏற்றிய படகைப் பத்தடி உயர்த்தப் போதும். தூக்குவது நீரே, ஆள் கதவைத் திறந்து மூடுபவன். இவ்விரு கதவு உபாயம் சீனநாட்டுப் பெருங்கால்வாயில் கி.பி. 984-இலேயே அமைந்தது.

இதனோடு ஒப்பவைத்து எண்ணத்தக்கது கன்னவரத்து மேம்பாலக் கால்வாய். கோதாவரியின் ஒரு கிளைக்கு அப்பாலுள்ள தீவுக்கு நீர் செல்லவேண்டி, அக்கிளையின்மேல் 49 வளைவுகளுடைய பாலம் கட்டி, அதன்மேற் கால்வாயை ஓடவிட்டனர். கீழே ஆறு, மேலே கால்வாய், அக்கால்வாயிற் படகு. அதன் அருகே பிற்காலத்தில் எழுந்த புதிய பாலத்துக்கு இட்ட பெயர் எம்மை மிகவும் கவர்ந்தது. அப்பக்கத்தில் பசித்து வந்தோர்க்கெல்லாம் சோறிட்டு வாழ்ந்த தொக்கா சீதம்மா என்னும் அம்மையார் பெயரை அதற்கு வைத்துள்ளனர். எஞ்சினீயர் கட்டிய வழிக்குச் சமையற்கட்டில் நின்ற பெண்ணின் பெயர், பொருத்தமான பெயர்.

காட்டன் படகைப் பற்றி இத்துணை வற்புறுத்தியது ஏன்? கணக்கே காரணம். மாட்டு வண்டி ஒன்று ஒரு டன் பாரத்தை ஏற்றுவதே அரிது. இங்கிலாந்துக் கால்வாய்களிலோ, கரையில் நடக்கும் ஒரு குதிரை முப்பது டன் பாரமுள்ள படகை இழுத்துச் சென்றது. 1761-இல் பிரிட்ஜ்வாட்டர்ப் பிரபு வெட்டிய கால்வாய் திறந்தபின் மான்செஸ்டர் நகரில் நிலக்கரி விலை பாதியாகக் குறைந்தது. கரி அதே கரி. சுரங்கம் அதே சுரங்கம். குறைந்தது கூலி ஒன்றே. பண்டத்தின் விலையிற் பெரும்பகுதி சுமைகூலியே என்பது மலையிற் பிறந்த எமக்கு எவரும் கற்பிக்க வேண்டாத பாடம்.

திருமறையில் யோசேப்பின் வரலாற்றைப் படிப்போர், எகிப்தின் களஞ்சியங்களையே பெரிதும் நினைவிற் கொள்வர். ஆனால் கானான் நாட்டிலிருந்த யாக்கோபின் வீட்டார்க்கு அக்களஞ்சியம் எவ்வாறு பயன்பட்டது? மைந்தர் கழுதைகளோடு நெடுவழி நடந்து, சாக்குகளிற் கட்டிக் கொண்டுவந்தமையாலன்றோ? தானியம் ஓரிடத்தில், பசி வேறிடத்தில் இருக்குமாயின், இடையிலுள்ள வழியே உயிரும் சாவும் ஆகின்றது.

இதற்கு எம் நாட்டிலேயே கொடிய சான்றுண்டு. தாது வருடப் பஞ்சம் என்று பாட்டிமார் வாயில் இன்றும் வழங்கும் 1876 முதல் 1878 வரையிலான பஞ்சத்தில், சேலம் ஜில்லா உட்படத் தென்னாடு பாழாயிற்று. மாண்டோர் ஐம்பது இலட்சத்துக்கு மேற்பட்டோர் என்று கணிக்கின்றனர். அப்போது புகைவண்டி இல்லாமலில்லை. சென்னைக் கடற்கரையில் தானிய மூட்டைகள் மலைபோற் குவிந்து கிடந்தன. வண்டிகளால் அவற்றை வேண்டுமளவு விரைவில் உள்நாட்டுக்குக் கொண்டு செல்ல முடியவில்லை. வயது முதிர்ந்து இங்கிலாந்திலிருந்த காட்டன் கொதித்தெழுந்தார். இருப்புப்பாதைக் கம்பெனிகளுக்கு அரசாங்கமே நூற்றுக்கு ஐந்து இலாபம் உறுதி செய்து கொட்டிய பணத்தைக் கால்வாய்களில் இட்டிருப்பின், வழியும் கிடைத்திருக்கும், வயலும் விளைந்திருக்கும் என்று பேசியும் எழுதியும் போராடினார். 1878-இல் பாராளுமன்றக் குழு ஒன்று அவரை விசாரித்தது. அவர் கருத்தை அது ஏற்கவில்லை.

காட்டன் முழுதும் சரி என்று யாம் கூற மாட்டோம். அவர் ஆழ்ந்த கிறிஸ்தவ பக்தியுடையவர். எம் சமயத்தவர் என்பதற்காகக் குறைகளை மூடுதல் நேர்மையாகாது. வழி மலிவானால் பசி தீரும் என்று அவர் நம்பினார். ஆனால் தாது வருடத்தில் மூட்டை கண்ணெதிரே வந்து இறங்கினும், வாங்கக் காசில்லாதவன் பட்டினியே கிடந்தான். நிவாரண வேலைக்கு வந்த ஆளுக்கு ஒருநாட் கூலியாக ஒரு பவுண்டுத் தானியமும் சிறு காசும் போதும் என்று வகுத்த அதிகாரிகளும் இருந்தனர். அக்கொடுமையைக் கால்வாய் தீர்த்திராது. மேலும், கம்பெனியார் கோதாவரியிற் பணமிட்டது தருமத்துக்கு மட்டுமன்று. நிலவரி உயரும் என்பதற்குமாம். காட்டனே அவ்வருமானக் கணக்கை எடுத்துக்காட்டித்தான் மேலிடத்தாரை இசைவித்தார். இருப்பினும், அவ்வணையால் இன்று ஏறக்குறைய பத்து இலட்சம் ஏக்கர் விளைகின்றது. அவ்வூர் உழவர் அவரை மறுபிறவி எடுத்த பகீரதன் என்பதும், ஊர்தோறும் சிலை நிறுத்தியிருப்பதும் வயிறார உண்டவர் சொல்லும் நன்றி.

காட்சிச்சாலையில் எம் மனத்தை உறுத்தியது வேறொன்று. படங்களிற் காட்டன் இருக்கின்றார். அவருக்கு வலக்கையாய் நின்று ஆட்களைத் திரட்டி வேலை நடத்திய வீணம் வீரண்ணா என்பவர் பெயரையும், அவர்க்கு இராய் பகதூர்ப் பட்டம் கிடைத்ததையும் அங்குள்ளோர் அறிவர். மணலில் இறங்கிக் கிணற்றை அள்ளியவர் பெயர் யாண்டும் இல்லை. அவர் பிடித்த கருவி மட்டும் இருக்கின்றது. கருவியின் பிடி தேய்ந்த இடத்தை நெடுநேரம் பார்த்துக்கொண்டு நின்றோம்.

பெயரறியாக் கைகள் தோண்டியதே எம் பக்கத்துப் பக்கிங்ஹாம் கால்வாயின் நடுப்பகுதியும். அக்கால்வாய் ஒரே நாளிற் பிறந்ததன்று. 1806-இல் பேசில் காக்ரேன் என்னும் வணிகர் சென்னையினின்று எண்ணூர்வரை வெட்டியதே அதன் தொடக்கம். அது சிறிது சிறிதாக வடக்கும் தெற்கும் நீண்டது. கூவத்துக்கும் அடையாற்றுக்கும் இடையே ஐந்து கல் தூரம் மட்டும் இணையாமல் நின்றது. அதைத் தாது வருடப் பஞ்சத்தில் நிவாரண வேலையாக, பசித்து நகரம் புகுந்த மக்களைக் கொண்டு 1877-78-இல் வெட்டி முடித்தனர். அப்போது கவர்னராயிருந்த பக்கிங்ஹாம் பிரபுவின் பெயர் கால்வாய்க்கு அமைந்தது. பெத்தகஞ்சாமிலிருந்து மரக்காணம் வரை அதன் நீளம் ஏறத்தாழ 420 கிலோமீட்டர். விறகும் கரியும் உப்பும் நெல்லும் அதன் வழியே சென்னைக்கு வந்தன. காற்றடித்தால் பாய் விரிப்பர், காற்றில்லையேல் கழியூன்றுவர், அதுவும் போதாதபோது கரையில் நடந்து தோளிற் கயிறிட்டு இழுப்பர். சென்னை மாநகரத்தின் அடுப்பு எரிந்தது பல்லாண்டு காலம் இப்படகுகளால்.

பின்னர் என்ன நேர்ந்தது? 1899-இல் சென்னைக்கும் பெஜவாடாவுக்கும் இடையே இருப்புப்பாதை நிறைவுற்றது. அது கால்வாயின் தோளோடு தோளாய் ஓடிற்று. விரைவு வேண்டிய பண்டம் அங்கே சென்றது. பொறுத்திருக்கும் பண்டம் மட்டும் படகில் எஞ்சியது. பிறகு லாரி வந்தது. 1965, 1966-ஆம் ஆண்டுகளின் புயல்கள் கால்வாயைத் தூர்த்தன. அதே 1899-இல், ஜூலைத் திங்களில், காட்டன் இங்கிலாந்தில் மறைந்தார். நகரத்துள் கழிவுநீர் புகுந்தது. 1990-களில் பறக்கும் இரயிலின் தூண்கள் கால்வாயின் நடுவிலேயே ஊன்றப்பட்டன. 2004-ஆம் ஆண்டு ஆழிப்பேரலையின்போது, பல இடங்களில் அலையின் வேகத்தை இக்கால்வாய் வாங்கிக்கொண்டது என்று ஆய்ந்தோர் கூறினர். 2008-இல் மத்திய அரசாங்கம் காக்கினாடா முதல் புதுச்சேரிவரையுள்ள கால்வாய்களையும், கோதாவரி கிருஷ்ணை நதிகளின் சில பகுதிகளையும் சேர்த்து நான்காம் தேசிய நீர்வழி எனச் சாற்றிற்று. சாற்றுதல் எளிது, தூணைப் பெயர்த்தல் எளிதன்று.

இலண்டன் நகரில், பனிக்கட்டி சேமித்து வைத்த பழைய கிடங்கு ஒன்றில் 1992 முதல் ஒரு கால்வாய்க் காட்சிச்சாலை நடைபெறுகின்றது. நார்வே நாட்டுப் பனிக்கட்டி கப்பலில் வந்து, கால்வாய்ப் படகிலேறி அக்கிடங்கை அடைந்ததாம். சென்னையிலும் அத்தகைய வீடுண்டு; அமெரிக்கப் பனிக்கட்டிக்காக 1842-இல் கட்டிய ஐஸ் ஹவுஸ் அது, இன்று விவேகானந்தர் இல்லம். அதற்குச் சிறிது தொலைவில், கால்வாய்க் கரையில், லாக் நகர் என்று ஒரு குடியிருப்பிருக்கின்றது. ஒரு காலத்தில் படகுகளை ஏற்றியிறக்கிய கதவின் பெயரே அது. அங்கே வாழும் சிறுவன் ஒருவனுக்கு அப்பெயரின் பொருளைச் சொல்ல, தவளேசுவரத்து மாதிரி உருக்களில் ஒன்றேனும் கால்வாய்க் கரையில் இருந்தால் நன்றாயிருக்கும்.

கரியாலூர் மீண்டபின், பேருந்துக்குக் காத்திருந்த முதியவர் ஒருவர்க்கு இவற்றையெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தோம். லாக்கின் உபாயத்தைக் குச்சியால் மண்ணிற் கீறிக் காட்டியபோது அவர் கூர்ந்து நோக்கினார்.

"அப்படியானால், தம்பி, நம் மலைக்கும் படகு ஏறுமோ?" என்றார்.

கணக்கிட்டுச் சொன்னோம். ஒரு கதவறை பத்தடி தூக்கும் என்றால், சமவெளியினின்று இரண்டாயிரம் அடிக்கு மேலேற இருநூறு அறைகள் வேண்டும்; ஒவ்வொரு முறை திறக்கும்போதும் ஓர் அறை நீர் மேலிருந்து கீழே இறங்கிவிடும்; அவ்வளவு நீரும் உச்சியிலே இருக்கவேண்டும்.

அவர் சிரித்தார். "மாசி பங்குனியில் குடிப்பதற்கே குடமெடுத்து அலைகிறோம். படகு கீழ்நாட்டார்க்கே இருக்கட்டும். பேருந்து வருகிறது பார்; இந்தப் புளிமூட்டையைச் சற்றுத் தூக்கிவிடு" என்றார்.

தூக்கிவிட்டோம். மூட்டை கனமாகத்தான் இருந்தது.